இருநூற்றுப் பன்னிரண்டாம் கொக்கி

கள்ளி. வேறு சொல் எனக்கு வரவில்லை, தம்பி. பதினொரு மணித்தியாலம் என்னைக் கதைக்க வைத்துக் கமராவில் பிடித்துக்கொண்டு போனவள், நான் வாயை மூடிக்கொண்டிருந்த பன்னிரண்டு செக்கனை மட்டும் படத்தில் போட்டிருக்கிறாள். பன்னிரண்டு செக்கன்! ஒரு தும்மல் தும்மி மூக்கைத் துடைக்கவே அதைவிடக் கூட நேரம் வேணும்.

பொறும், பொறும், அந்தப் பையை அசைக்காதேயும். உம்முடைய பெட்டியை இந்தப் பக்கம் வையும். அந்தப் பைக்கும் சேர்த்துத்தான் இந்த இருக்கையைப் பிடித்து வைத்திருக்கிறேன். உள்ளே என்னவென்று பிறகு சொல்லுகிறேன். விலை பேச முதல் சரக்கைக் காட்டுகிற பழக்கம் எனக்கு இல்லை.

நீர் போனில் கதைத்தபோதே தமிழ்ப் பிள்ளையென்று விளங்கிவிட்டது. எஸ்ஸனிலா இறங்குகிறீர்? நான் டூயிஸ்பூர்க் வரைக்கும். மூன்று மணிக்கு அங்கே அந்தப் படத்தைப் பெரிய திரையில் போடுகிறார்கள். தண்டவாளத்தில் ஏதோ கோளாறாம், இப்பதானே அறிவித்தான். அப்ப இரண்டு பேருக்கும் நேரம் இருக்கிறது. கேளும்.

படம் எதைப் பற்றி? எங்கள் வட்டாரத்து ரொக் பாட்டுக்காரரைப் பற்றி. எண்பதுகளில் இங்கே நிலக்கரிச் சுரங்கங்களை ஒவ்வொன்றாக மூடினான்களே, அப்போது வேலை போன தகப்பன்மாருடைய நீளமுடிப் பெடியங்கள் எங்கே வாசித்தார்கள், எப்படி வாசித்தார்கள், பிறகு என்ன ஆனார்கள் என்று ஒன்றரை மணித்தியாலப் படம். எங்கே வாசித்தார்கள்? என்னுடைய இடத்தில் வாசித்தார்கள்! இந்த அருளம்பலம் இல்லாவிட்டால் அவன்கள் மாட்டுக்கொட்டிலில்தான் வாசித்திருக்க வேணும்.

நான் எட்டாம் வகுப்போடு நின்றவன். எனக்குப் படிப்பித்தது சுன்னாகம் சந்தை. வெங்காயப் பிடியைக் கையில் தூக்கியவுடன் நிறை சொல்லுவேன். வாங்க வந்தவனுடைய முகத்தைப் பார்த்து விலை சொல்லுவேன். எண்பத்தைந்தில் ஏஜென்சிக்காரன் என்னைக் கிழக்குப் பெர்லினில் இறக்கிவிட்டு, "அண்ணை, இதுதான் கனடா" என்றான். இரண்டு நாள் நம்பினேன், தம்பி. சிரியும், பரவாயில்லை. அன்றைக்குத்தான் ஒரு முடிவு எடுத்தேன். இனி என் வாழ்க்கையில் சொன்ன சொல்லை ஒருத்தனும் மாற்ற விடமாட்டேன்.

பெர்லினிலிருந்து இந்தப் பக்கம் அனுப்பினார்கள். பழைய தளபாட வியாபாரம் தொடங்கினேன். செத்தவர்கள் வீட்டு அலுமாரி, பிரிந்தவர்கள் வீட்டுக் கட்டில். வைக்க இடம் இல்லை. அப்பதான் பக்கத்துச் சுரங்கம் மூடப்பட்டது. அங்கே தொழிலாளர் குளித்து உடுப்பு மாற்றுகிற ஒரு மண்டபம். வெள்ளை ஓடு பதித்து, கோயில் மண்டபம் மாதிரி உயரம். கூரை முழுக்கக் கொக்கிகள். ஒவ்வொரு கொக்கிக்கும் ஒரு சங்கிலி, ஒரு இலக்கம். வேலைக்கு வந்தவன் தன் உடுப்பைக் கொக்கியில் மாட்டி, சங்கிலியை இழுத்துக் கூரைக்கு ஏற்றி, கீழே பூட்டுப் போட்டுவிட்டுச் சுரங்கத்துக்குள் இறங்குவான். மேலே சூட்டில் உடுப்புக் காயும், களவும் போகாது. எப்படி யோசித்திருக்கிறான் பாரும்.

அந்த இடத்துக்குப் பொறுப்பாக இருந்த கொவாலிக் என்கிற கிழவனிடம் போனேன். மாரிக்காலத்தில் தண்ணீர்க் குழாய் உறைந்து வெடிக்காமல் நான் பார்க்கிறேன், கண்ணாடிக்கு எவனும் கல்லெறியாமல் நான் பார்க்கிறேன், நீ எனக்கு இடம் தா என்றேன். அவன் பாதி மண்டபம் தருகிறேன் என்று தொடங்கினான். வெளியே வரும்போது முழு மண்டபமும், சுடுதண்ணீர் அறையும், கொவாலிக்கின் பழைய தொப்பியும் என்னிடம் இருந்தன.

பிறகுதான் அந்தப் பெடியங்கள் வந்தார்கள். வாசித்துப் பழக இடம் கேட்டார்கள். கையில் ஒன்றும் இல்லை. தோள் இருந்தது. சரி, என் தளபாடத்தை ஏற்றி இறக்குங்கள், மிச்ச நேரம் எவ்வளவு வேணுமென்றாலும் கத்துங்கள் என்றேன். ஒன்று, இரண்டு, கடைசியில் ஒன்பது குழு. இந்த வட்டாரத்தில் ரொக் வாசித்த எவனுடைய முதுகைத் தட்டிப் பார்த்தாலும் என் அலுமாரி ஒன்று உள்ளே கிடக்கும். படத்தில் இது இருக்கிறதா? இல்லை. பதினொரு மணித்தியாலத்தில் மூன்றாவது மணித்தியாலம் முழுக்க இதைத்தான் சொன்னேன்.

கிற்றார்களை அவன்கள் அந்தக் கொக்கிகளில் மாட்டி மேலே ஏற்றுவார்கள். தரையில் ஈரம், மேலே காய்ந்த சூடு. முப்பது நாற்பது கிற்றார் கூரையில் தொங்கும், வௌவால் மாதிரி. முதல் மாதமே ஒருவனுடைய கிற்றாரை இன்னொருவன் கொண்டு ஓடிவிட்டான். அதோடு பூட்டு எல்லாம் நான் வாங்கினேன். திறப்பு எல்லாம் என் இடுப்பில். கிற்றார் வேணுமென்றால் என்னிடம் வரவேணும். "செஃப், நூற்றிநாற்பது! செஃப், முப்பத்தொன்பது!" எல்லோரும் என்னை செஃப், அதுதான் முதலாளி, என்றுதான் கூப்பிடுவார்கள். என் மனுசி மனோரஞ்சிதம் அவன்களுடைய ஜீன்ஸ் அங்கிகளில் மண்டையோட்டுப் படங்களைத் தைத்துக்கொடுப்பாள். சேலைக்குக் கரை அடிக்கிற அதே தையல். ஒன்றுகூடப் பிரிந்ததில்லை.

அதில் நோர்பேட் என்று ஒருத்தன். இருநூற்றுப் பன்னிரண்டாம் கொக்கி. பனை மாதிரி நெடுவல், கதை குறைவு. 'ஐந்தாம் தட்டு' என்று அவனுடைய குழுவுக்குப் பெயர், அவனுடைய தகப்பன் வேலை செய்த சுரங்க ஆழம் அது. சிவப்புக் கிற்றார் ஒன்று வைத்திருந்தான். இரண்டு கோடைகாலம் கூலிவேலை செய்து வாங்கினது. அவன் வாசித்தால் மற்றக் குழுக்காரர் வாசிப்பை நிறுத்திவிட்டு வந்து நிற்பார்கள். எனக்கு அந்தச் சத்தம் பிடிக்காது. என்றாலும் நல்ல சரக்கைத் தெரியாதா எனக்கு? தெரியும்.

இனி விசயத்துக்கு வருகிறேன். எண்பத்தொன்பது இலையுதிர்காலம். என் மூத்த மகள் நிரோஜினி பெரியபிள்ளையாகிவிட்டாள். சாமத்திய வீடு. ஹாம், ஹேர்ன, டோட்முண்ட், சுவிஸ்கூட, முந்நூறு பேருக்குச் சொல்லியாகிவிட்டது. மற்றவன் எல்லாம் கசட்டில் பாட்டுப் போடுவான். நான் நோர்பேட்டைக் கூப்பிட்டு, நீ வந்து வாசிக்கவேணும், பதிலுக்கு மூன்று மாதம் அலுமாரி தூக்கத் தேவையில்லை என்றேன். அவன் யோசித்தான். கை தந்தான். கை தந்தான் தம்பி, இந்தக் கையில்! அழைப்புக் கார்டில் அடித்துவிட்டேன்: 'ஜெர்மன் இசைக்குழுவினரின் இன்னிசை விருந்து.'

அந்தச் சனிக்கிழமை காலை ஒன்பது மணி. நான் புது வேட்டியோடு மண்டபத்துக்குப் போகிறேன், வாசலில் நோர்பேட் நிற்கிறான். கூட அவனுடைய மேளகாரன் மன்னி.

"செஃப், இண்டைக்கு மூண்டு மணிக்குப் போஹுமில வாசிக்கவேணும். ஹம்பூர்க்கிலயிருந்து இசைத்தட்டுக் கொம்பனிக்காரன் வாறான். நேற்றுத்தான் சொன்னான்."

"என்ர விழா இரண்டு மணிக்கு."

"இண்டைக்கு மட்டும் செஃப். அடுத்த கிழமை உன்ர வீட்டை வந்து நாள் முழுக்க வாசிக்கிறன்."

"அடுத்த கிழமை என்ர மகள் திரும்பப் பெரியபிள்ளையாவாளோ?"

மன்னி சிரித்தான். நோர்பேட் சிரிக்கவில்லை. "கிற்றாரை இறக்கித் தா செஃப்" என்றான். இறக்கினேன். நான்தான் பூட்டைத் திறந்தேன், நான்தான் சங்கிலியை விட்டேன். இறக்கி, என்னுடைய வான் வண்டியில் ஏற்றி, கதவைப் பூட்டி, விழாவுக்கு எடுத்த ஹோலுக்குக் கொண்டுபோனேன். கிற்றார் வேணுமென்றால் பின்னால் வரட்டும். நான் செய்தது பிழையா? சொன்ன சொல் சொல்தானே? அன்றைக்கு அவனை விட்டிருந்தால் முந்நூறு சனத்துக்கு முன்னால் என் முகத்தை எங்கே வைப்பது?

வந்தான். சொல்லு மாறாமல் வந்தான், அதை நான் எங்கேயும் சொல்லுவேன். மேடையில் பக்கத்தில் பிள்ளை அலங்காரத்தோடு கதிரையில். இவன் கறுத்தச் சட்டை, ஜீன்ஸ் அங்கி, முதுகில் என் மனுசி தைத்த மண்டையோடு. "மெதுவாக வாசி" என்று சொல்லியிருந்தேன். தகப்பனுடைய சுரங்கத்தைப் பற்றின பாட்டாம், அவனிடம் இருந்ததிலேயே மெதுவானது. முதல் அடி அடித்தான், பலகாரத் தட்டு அதிர்ந்தது. முன்வரிசைக் கிழவிகள் காதைப் பொத்திக்கொண்டார்கள். என் மாமி கேட்கிறா: "தம்பி அருளு, அந்தப் பிள்ளைக்கு எங்கை நோகுது?" ஐயர் என்னைப் பார்க்கிறார். சுவிஸ்காரர் என்னைப் பார்க்கிறார்கள். என் மைத்துனன் காதுக்குள் சொல்லுகிறான்: "அத்தான், சனம் சிரிக்குது."

ஏழு நிமிசம். பொறுத்துப் பார்த்தேன். பிறகு போய்ப் பிளக்கைக் கழற்றிவிட்டேன்.

வேறென்ன செய்யிறது? கசட்டைப் போட்டோம். எல்லோரும் சந்தோசமாக இருந்தார்கள். நோர்பேட்டுக்கும் ஆக்களுக்கும் முதல் பந்தியில் சாப்பாடு போட்டேன், சொந்தக்காரருக்கு முதல்! சாப்பிட்டார்கள். நோர்பேட் மட்டும் சுவர் மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டிருந்தான். மூன்றேகால். போஹுமில் அந்தக் கொம்பனிக்காரன் வேறு ஒரு குழுவைக் கேட்டு, அவன்களைக் கூட்டிக்கொண்டு போய்விட்டானாம். அது என் கையிலா இருந்தது? கொம்பனிக்காரன் பொறுத்திருக்கலாம்தானே?

பொழுதுபட முதல் மண்டபத்துக்குத் திரும்பி வந்தோம். நோர்பேட் தானாகவே கிற்றாரைக் கொக்கியில் மாட்டினான். தானாகவே சங்கிலியை இழுத்தான். பூட்டினான். திறப்பை எடுத்து என் கையில் வைத்தான். "நீயே வைச்சிரு, செஃப்."

போய்விட்டான். பிறகு வரவில்லை. நானும் கூப்பிடவில்லை. வேணுமென்றால் கேட்கட்டும்.

அவன் பஸ் சாரதியானான். எங்கள் வீட்டுப் பக்கம் ஓடுகிற பஸ்தான். நான் ஏறினால், "வணக்கம், செஃப்." இறங்கினால் ஒன்றும் இல்லை. இருபத்தைந்து வருசத்துக்குமேல். ஒரே ஒரு தரம், மழை நாள், வேறு ஒருத்தரும் இல்லை, கண்ணாடியைப் பார்த்துக்கொண்டே கேட்டான்.

"இன்னும் தொங்குதோ?"

"ஓம், தொங்குது."

"நல்லது" என்றான். கதவைத் திறந்துவிட்டான். இதுதான் கதை. தா என்று அவன் கேட்கவே இல்லை, தம்பி. கேட்டிருந்தால் என்ன ஏதென்று பேசித் தீர்த்திருக்கலாம்.

இரண்டு வருசத்துக்கு முதல் செத்துப்போனான். செத்தவீட்டுக்கு நான் போகவில்லை. கூப்பிட்டால்தானே போவது? மனுசி போனாள்.

இனி அந்தக் கள்ளியிடம் வருவோம். போன பங்குனியில் ஒரு பிள்ளை கமராவோடு வீட்டுக்கு வந்தது. முப்பது முப்பத்திரண்டு வயதிருக்கும். 'இந்த வட்டார இசையைப் பற்றிப் படம் எடுக்கிறேன், நீங்கள் இல்லாமல் முடியாது' என்றது. எனக்கு முதுகு நிமிர்ந்துவிட்டது, பொய் சொல்லுவானேன். நான் நிபந்தனை போட்டேன். என் கடையில் வைத்துத்தான் எடுக்கவேணும். ஓம் என்றாள். நீலச் சேட்டுத்தான் போடுவேன். ஓம். நான் கதைக்கும்போது குறுக்கே கதைக்கக்கூடாது. ஓம். பெயருக்குக் கீழே 'மண்டபத் தலைவர்' என்று போடவேணும். அதற்கு மட்டும் சிரித்தாள். நான் அப்போதே எழும்பியிருக்க வேணும். கேட்டதற்கெல்லாம் ஓம் என்கிற ஆள் ஏற்கெனவே வாங்கவேண்டியதை வாங்கிவிட்டது என்று சந்தையில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும்.

நாலு ஞாயிற்றுக்கிழமை வந்தாள். மனுசி சோறு போட்டாள். இடியப்பம் சாப்பிடப் பழக்கினாள். நான் பதினொரு மணித்தியாலம் கதைத்தேன். கொவாலிக், குழாய், அலுமாரி, பூட்டு, ஒன்பது குழுவுடைய பெயர், எல்லாம். கடைசி ஞாயிறு, கமரா ஓடிக்கொண்டிருக்கிறது, கேட்கிறாள்:

"இருநூற்றுப் பன்னிரண்டு யாற்ற கொக்கி?"

"நோர்பேட்."

"அவர் என்ர அப்பா" என்றாள். "அந்தக் கிற்றார் இப்ப எங்கை?"

எப்படி இருக்கும் உமக்கு? என் வீட்டில் உட்கார்ந்து, என் சோற்றைத் தின்று, யாருடைய பிள்ளையென்று நாலு கிழமை மறைத்தவள்! நான் யோசித்தேன். ஒரு வியாபாரி யோசிக்கக்கூடாதா? என்னத்தைச் சொல்லுவது, எவ்வளவைச் சொல்லுவது, பதிலுக்கு என்ன கேட்பது என்று யோசித்தேன். அந்த யோசனை பன்னிரண்டு செக்கன். அதைத்தான் போட்டிருக்கிறாள். பின்னுக்கு ஒரு சத்தமும் இல்லாமல். என் முகம் அவ்வளவு பெரிதாக. நான் பிறகு எழும்பிப் போய்விட்டேன்.

அன்று பின்னேரம் மனுசியைக் கேட்டேன், உமக்கு இது தெரியுமோ என்று.

"முதல் நாளே தெரியும். செத்தவீட்டில நான்தான் பிள்ளையின்ர கையைப் பிடிச்சு எங்கட வீட்டை வா எண்டனான்."

"எனக்கேன் சொல்லேல்லை?"

"சொன்னால் கதவு திறந்திருப்பீங்களே?"

இன்னும் இருக்கிறது, கேளும். அந்த 'ஐந்தாம் தட்டு' வாசித்ததை உலகத்தில் ஒருத்தரும் படம் பிடித்ததில்லையாம். ஒரே ஒரு வீடியோ. எங்கள் சாமத்திய வீட்டு வீடியோ! மனுசி அலுமாரியிலிருந்து எடுத்துக் கொடுத்திருக்கிறாள், எனக்குத் தெரியாமல். எங்கள் வீடியோக்காரனைத் தெரியும்தானே, இதய வடிவம், ரோசாப்பூ, வெட்டி ஒட்டுகிற வேலை. அந்த இதயத்துக்குள் நோர்பேட் வாசிக்கிறான். சுற்றிவர ரோசாப்பூ. காதைப் பொத்தின கிழவிகள். ஏழு நிமிசத்தையும் வெட்டாமல் போட்டிருக்கிறாள், என்னுடைய பதினொரு மணித்தியாலத்தை வெட்டினவள். கடைசியில் ஒரு கை வந்து பிளக்கைக் கழற்றுகிறது. மோதிரம் போட்ட கை. முகம் இல்லை. அந்தக் கை என்னுடையது.

ஆக, படத்தில் நான் இரண்டு இடத்தில் இருக்கிறேன். ஒரு கை. ஒரு மூடின வாய்.

மகள் நிரோஜினி வேறு படத்தில் வந்து கதைக்கிறாள். 'அன்றைக்கு எல்லோரும் என்னைப் பார்க்கத்தான் வந்திருந்தார்கள், எனக்குப் பன்னிரண்டு வயது, செத்துப்போகலாம் போல இருந்தது. அவர் வாசித்த ஏழு நிமிசமும் ஒருத்தரும் என்னைப் பார்க்கவில்லை, அதுதான் அந்த நாளில் நல்ல நேரம்' என்கிறாள். யாருடைய விழா? யார் செய்த செலவு? பிறகு மனுசி. சமையலறையில் வெங்காயம் உரித்துக்கொண்டு, தன் பிழைபட்ட ஜெர்மன் மொழியில் சொல்லுகிறாள்: 'என் மனுசன் கெட்டவர் இல்லை. அவருக்கு ஒருத்தரும் சொன்ன சொல்லைக் காப்பாற்றினதில்லை. காப்பாற்றின முதல் ஆள் அந்தப் பெடியன்தான். என்ன செய்யிறதென்று இவருக்குத் தெரியவில்லை.'

அவள் முதலே அனுப்பிவிட்ட படத்தை மகளுடைய வீட்டில் ஞாயிறு மத்தியானம் எல்லோரும் இருந்து பார்த்தோம். மனுசி கதைக்கிற அந்த இடம் வர ஒருத்தரும் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. ஒருத்தரும்! என்னைப் பற்றி ஜெர்மன்காரருக்கு விளக்கம் கொடுக்க இந்த மனுசி யார்?

ரயில் ஓடத் தொடங்கிவிட்டது. எஸ்ஸன் கிட்டத்தான்.

சரி. பையில் என்னவென்று நீர் இவ்வளவு நேரமும் கேட்கவில்லை. நல்ல பிள்ளை. ஓம், அதுதான். சிவப்புக் கிற்றார். தொண்ணூற்று நாலில் மண்டபத்தை இடிக்க வந்தார்கள், ஆட்களைப் பிடித்துக் கொக்கியையும் சங்கிலியையும்கூடக் கழற்றிக்கொண்டு வந்தேன். என் கீழறைக் கூரையில் அதே கொக்கியில் மாட்டினேன். ஒவ்வொரு தைப்பொங்கலுக்கும் இறக்கித் தூசி தட்டுவேன். துணியால் துடைப்பேன். தந்திக்கு ஒரு துளி எண்ணெய். சும்மா இல்லை, சரக்குக் கெடக்கூடாது. பாரும், பையின் கைப்பிடியோடு சங்கிலி சுற்றி, அதே பூட்டைப் போட்டிருக்கிறேன். திறப்பு இங்கே, இடுப்பில்.

மனுசி காலையிலேயே போய்விட்டாள். அவளுக்கு மேடையில் கதிரையாம். வாசலில் நின்று சொன்னாள்: "இஞ்சருங்கோ, பிள்ளையிட்டைக் குடுத்திட்டு வாங்கோ. பதிலுக்கு ஒண்டும் கேளாதேங்கோ." ஒன்றும் கேட்காமல் ஒரு சாமானைக் கொடுத்த ஆளை நான் என் எழுபத்திநாலு வயதில் கண்டதில்லை.

என்ன, நீரும் அப்படித்தான் சொல்லுகிறீரோ? சும்மா கொடுப்பதா? சும்மா கொடுத்தால் நான் பிழை செய்தவன் என்று ஆகிவிடாதா?

இல்லை, இல்லை. படம் முடிந்து விளக்குப் போட்டவுடன் நான் எழும்புவேன். பையைத் தூக்கி எல்லோருக்கும் காட்டுவேன். பிறகு நேரே அவளிடம் கேட்பேன். பிள்ளை, என் பதினொரு மணித்தியாலத்தில் ஒரு மணித்தியாலம் போடு. சரி, அரை மணித்தியாலம். சரி, கொவாலிக்கையும் அலுமாரியையும் மட்டும் போடு. சரி விடு, ஐந்து நிமிசம். பெயரைப் போடு. இத்தனை வருசம் எண்ணெய் போட்டு வைத்திருந்தவன் இவன் என்று ஒரு வரி போடு. அந்தப் பன்னிரண்டு செக்கனை எடு. அதை எடுத்தால் போதும். அதை மட்டும் எடு.

எஸ்ஸன் வந்துவிட்டது. பெட்டியை மறக்காதேயும். பையில் முட்டாமல் பார்த்துப் போம்.

ஊர் முழுக்கப் பார்க்க என்னைக் கூரைக்கு ஏற்றிப் பூட்டிவிட்டு, திறப்பைத் தன் இடுப்பில் செருகிக்கொண்டு நிற்கிறாள், தம்பி. முதலில் அவள் என்னை இறக்கட்டும். கேட்டீரா? முதலில் அவள் இறக்கட்டும். பிறகு நான் இறக்குகிறேன்.